எண்ட் உலகம்: டிராகனுக்கு முன்னும் பின்னும்

மைன்கிராஃப்டில் உலகங்கள் மூன்று. ஆட்டக்காரர் கண் விழித்து, மரம் வெட்டி, முதல் வீட்டைக் கட்டுவது ஓவர்வேர்ல்டு. தீக்குழம்பும் கோட்டைகளும் நிறைந்தது நெதர். மூன்றாவது எண்ட். 2011 நவம்பர் 18 அன்று விளையாட்டின் முழுப் பதிப்பு வெளியானபோது எண்ட் என்பது ஒற்றைத் தீவும் அதற்கு மேலே பறக்கும் ஒற்றை டிராகனும்தான். டிராகனைக் கொன்றவருக்கு அங்கே வேறு வேலை இருக்கவில்லை. 2016 பிப்ரவரி 29 அன்று வந்த 1.9 பதிப்பு அந்தத் தீவைச் சுற்றி எல்லையில்லாத வெளித்தீவுகளையும், ஊதா நிற நகரங்களையும், வானில் நிற்கும் கப்பல்களையும், பறக்க உதவும் எலிட்ராவையும் சேர்த்தது. அதே ஆண்டு டிசம்பரில் பாக்கெட் எடிஷன் 1.0 வந்தபோது எண்ட் செல்பேசிக்கும் வந்து சேர்ந்தது.

செல்பேசியில் ஓடுவது பெட்ராக் பதிப்பு. கணினியில் ஜாவா, பெட்ராக் இரண்டும் உண்டு. அருப்புக்கோட்டை, திருச்சுழிப் பக்கத்து வீடுகளில் ஆட்டத்துக்குக் கிடைப்பது அநேகமாக ஒரு செல்பேசிதான் என்பதால், இந்த அத்தியாயம் பெட்ராக்கை மனத்தில் வைத்தே நடக்கிறது. ஜாவா வேறுபடும் இடங்கள் அங்கங்கே சொல்லப்படும்.

எண்டுக்குப் புறப்படும் முன் தெளிவாக வேண்டிய செய்தி ஒன்று. அங்கே உயிரும் பொருளும் போவது பெரும்பாலும் டிராகனால் அல்ல, தீவின் விளிம்பால். எண்டில் தரைக்குக் கீழே தரை இல்லை. வெற்றிடத்தில் விழுந்தவரின் பொருள்கள் அவரோடே மறைந்துவிடும், தேடிப்போய் எடுக்க வழியில்லை. வேறிடங்களில் சாவிலிருந்து மீட்கும் டோட்டமும் வெற்றிடத்தில் உதவாது. டிராகன் அடித்துக் கொன்றால் பொருள்களாவது தீவில் கிடக்கும். எதை எடுத்துப்போவது, எப்படி நடப்பது, எப்போது திரும்புவது என்ற கேள்விகளுக்கெல்லாம் இந்த ஒரு வேறுபாட்டை வைத்தே விடை காண வேண்டும்.

கண்களைச் சேர்ப்பது

எண்டுக்குப் போகும் வாசல் ஸ்ட்ராங்ஹோல்ட் என்னும் நிலத்தடிக் கோட்டைக்குள் இருக்கிறது. அதைக் கண்டுபிடிக்கவும் திறக்கவும் எண்டர் ஐ என்னும் கண் வேண்டும். ஒரு எண்டர் பேர்லும் ஒரு பிளேஸ் பொடியும் சேர்ந்தால் ஒரு கண். ஒரு பிளேஸ் ராடில் இரண்டு பொடி கிடைக்கும். வாசலின் சட்டத்தில் 12 கட்டைகள் உண்டு. ஒவ்வொன்றிலும் ஏற்கெனவே கண் பதிந்திருக்கும் வாய்ப்பு பத்தில் ஒன்று. ஆகவே ஒன்றிரண்டு மிச்சமாகலாம், ஆனால் அதை நம்பிப் போகக் கூடாது. தேடும்போதும் சில உடையும். 16 கண்கள் கையில் இருந்தால் நிம்மதி.

பிளேஸ் ராடுக்கு நெதர் கோட்டையைத் தவிர வேறு போக்கிடம் இல்லை. பேர்லுக்கு வழி பல. எண்டர்மேனைக் கொல்வது நேர்வழி. நெதரில் நீலப்பச்சைக் காளான் மரங்கள் நிற்கும் வார்ப்டு காட்டில் எண்டர்மேன்கள் கூட்டமாகத் திரிவார்கள். பிக்லின்களிடம் தங்கக் கட்டியை வீசிப் பண்டமாற்று செய்தாலும் எப்போதாவது பேர்ல் விழும். சண்டையே வேண்டாம் என்பவர் கிராமத்துக் கிளெரிக்கிடம் மரகதம் கொடுத்து வாங்கலாம். ஆனால் அவர் தொழிலில் நன்கு முன்னேறிய பிறகுதான் பேர்ல் விற்பார். பொறுமை உள்ளவருக்கு ஏற்ற வழி அது.

கண்ணை மேலே எறிந்தால் கோட்டை இருக்கும் திசையில் கொஞ்ச தூரம் மிதந்துபோய் நிற்கும். பிறகு கீழே விழும், அல்லது உடையும். உடைவது ஐந்து தடவைக்கு ஒரு தடவை. நூறு கட்டைக்கு ஒன்று என எறிந்துகொண்டே நேராக நடப்பதுதான் புதியவர்கள் வழக்கமாகச் செய்யும் வீண் செலவு. ஓரிடத்தில் ஒன்றை எறிந்து திசையைக் குறித்துக்கொண்டு, பக்கவாட்டில் சில நூறு கட்டைகள் விலகிப்போய் இன்னொன்றை எறிந்தால் இரண்டு கோடுகளும் வெட்டும் இடம் தெரிந்துவிடும். வகுப்பில் வரைபடத் தாளில் போட்ட கணக்குதான். ஜாவாவில் ஒரு உலகத்துக்கு 128 கோட்டைகள் உண்டு. முதல் வளையத்தில் உள்ள மூன்றும் உலக மையத்திலிருந்து 1,280 முதல் 2,816 கட்டைகளுக்குள் இருக்கும். பெட்ராக்கில் எண்ணிக்கைக்கு வரம்பில்லை, பல கோட்டைகள் கிராமங்களுக்கு அடியிலேயே அமைந்திருக்கும். கண் முன்னே போகாமல் தரையை நோக்கி இறங்கினால் கோட்டை காலடியில் இருக்கிறது என்று பொருள். அங்கே நேர் கீழாகக் குழி தோண்டக் கூடாது, படி வெட்டி இறங்க வேண்டும்.

வாசல் அறையில் தீக்குழம்புக் குட்டைக்கு மேலே சட்டம் இருக்கும். படிக்கட்டில் சில்வர்ஃபிஷ் பூச்சிகளை உமிழும் கூண்டு ஒன்று இருக்கும். முதல் வேலை அந்தக் கூண்டை உடைப்பது. கண்களை வைக்கும் முன்பே அறையில் ஒரு படுக்கையைப் போட்டு, அதைத் தொட்டு, மறுபிறப்பு இடத்தைப் பதித்துவிட வேண்டும். எண்டில் இறந்தவர் ஓவர்வேர்ல்டில் தன் படுக்கையில்தான் எழுவார். படுக்கை ஆயிரம் கட்டைகளுக்கு அப்பால் வீட்டில் கிடந்தால் திரும்பி வரும் வழியே ஒரு பயணமாகிவிடும். படுக்கையை ஒட்டி ஒரு பெட்டியில் இரண்டாவது செட் கவசம், வாள், வில், சாப்பாடு எல்லாம் இருக்கட்டும். தீவில் விழுந்த பொருள் ஐந்து நிமிடத்தில் மறையும், ஆனால் அந்தப் பகுதியில் ஆள் இல்லாதபோது அந்தக் கணக்கு ஓடாது. எனவே இறந்தவர் பதற வேண்டியதில்லை. இரண்டாவது செட்டை மாட்டிக்கொண்டு நிதானமாகத் திரும்பலாம்.

கொண்டுபோக வேண்டியவை

வில்லும் அம்பும் முதலில். இன்ஃபினிட்டி மந்திரம் ஏற்றிய வில்லாக இருந்தால் ஒரே அம்பு போதும். இல்லாவிட்டால் இரண்டு அடுக்கு அம்பாவது வேண்டும். ஃபெதர் ஃபாலிங் ஏற்றிய காலணியை வைரக் கவசத்துக்கும் முன்னால் வைக்கலாம். எண்டில் பெரும்பாலும் அடி விழுவது மேலிருந்து கீழே விழும்போதுதான். ஒரு வாளித் தண்ணீர் கட்டாயம். நெதரில் ஆவதுபோல எண்டில் தண்ணீர் ஆவியாகாது. கீழே விழும்போது தரையில் ஊற்றினால் அடி படாது, காலைச் சுற்றி ஓடவிட்டால் எண்டர்மேன் நெருங்காது. பாலம் போடவும் தூண் ஏறவும் கோபிள்ஸ்டோன் இரண்டு மூன்று அடுக்கு, சில எண்டர் பேர்ல், இரும்புக் கம்பியை உடைக்க பிக்காக்ஸ், சாப்பாடு, முடிந்தால் தங்க ஆப்பிள், ஸ்லோ ஃபாலிங் மருந்து இரண்டு குப்பி. டிராகனின் மூச்சைப் பிடிக்க நினைப்பவர் வெறும் கண்ணாடிக் குப்பிகளையும் எடுத்துக்கொள்ளலாம்.

செதுக்கிய பூசணியைத் தலையில் மாட்டினால் எண்டர்மேனின் முகத்தைப் பார்த்தாலும் அதற்குக் கோபம் வராது. ஆனால் திரையில் பாதி மறைந்துவிடும். செல்பேசியின் சிறிய திரையில் அந்தப் பாதியும் போனால் டிராகன் எங்கே என்றே தெரியாது. பூசணியை விட்டுவிட்டு, பார்வையைத் தரையில் வைத்துப் பழகுவதே மேல்.

வீட்டில் உள்ள வைரம் முழுவதையும் முதல் பயணத்திலேயே சுமந்துபோவது பேராசை. இழந்தால் மனம் உடையாத அளவுக்குள் சுமை இருக்கட்டும்.

செல்பேசிக்கான ஏற்பாடுகள் தனி. உலக அமைப்பில் 'ஷோ கோஆர்டினேட்ஸ்' என்பதை இயக்கினால் இருக்கும் இடத்தின் எண்கள் திரையின் மூலையில் தெரியும், இதனால் அச்சீவ்மெண்ட்கள் ரத்தாவதில்லை. 'கீப் இன்வென்டரி' அப்படியல்ல. இறந்தாலும் பொருள் கையிலேயே தங்கும் அந்த வசதி சீட் கணக்கில் சேரும், அந்த உலகத்துக்கு அச்சீவ்மெண்ட் அதோடு நின்றுவிடும். சின்னப் பிள்ளைகள் முதல் தடவை அதை வைத்து ஆடுவதில் குறையொன்றும் இல்லை. ஆனால் உலகத்தை முதலில் நகல் எடுத்து, நகலில் அதைப் போடுவது நல்லது. காட்சித் தூரத்தை மிகவும் குறைத்து வைத்திருந்தால் எதிரே உள்ள தூண்கூடத் தெரியாது. போன் சூடாகிறது என்றால் நிழல், மேகம் போன்றவற்றை நிறுத்திவிட்டுக் காட்சித் தூரத்தைக் காப்பாற்றலாம். அழைப்பு வராதபடி போனை அமைதியில் போட்டு, சார்ஜ் பார்த்துக்கொண்டு நுழைய வேண்டும். பாலத்தின் நடுவில் நிற்கும்போது ஒரு அழைப்பு வந்தால் போதும், விரல் நழுவிவிடும்.

எல்லாவற்றையும்விட முக்கியம் ஸ்னீக் பொத்தான். அதை அழுத்திக் குனிந்து நடப்பவர் விளிம்பிலிருந்து விழ மாட்டார். எண்டில் விளிம்புக்கு ஐந்து கட்டை தூரத்தில் வந்ததும் விரல் தானாக அந்தப் பொத்தானுக்குப் போகும்வரை ஓவர்வேர்ல்டின் மலையுச்சிகளில் பழகிவிட்டுப் போவது உத்தமம்.

டிராகன் தீவு

வாசலில் குதித்தவர் இறங்குவது 5×5 அளவுள்ள அப்சிடியன் மேடை. எண்ட் தீவின் மையம் 0, 0 என்றால் இந்த மேடை கிழக்கே 100 கட்டை தள்ளி இருக்கிறது. சில உலகங்களில் அது தீவின் மண்ணுக்குள் புதைந்திருக்கும். அப்போது மேல்நோக்கிப் படி வெட்டி வெளியே வர வேண்டும். சிலவற்றில் தீவை விட்டு விலகி வெற்றிடத்தில் தனியே நிற்கும். அப்போது முதல் வேலை பாலம். டிராகன் சாகும்வரை திரும்பிப்போக வாசல் இல்லை. கொல்ல வேண்டும், அல்லது சாக வேண்டும். உள்ளே வந்தபின் 'சும்மா எட்டிப் பார்த்துவிட்டுப் போகலாம்' என்ற பேச்சுக்கு இடமில்லை.

தீவில் வட்டமாகப் பத்து அப்சிடியன் தூண்கள் நிற்கும். ஒவ்வொன்றின் உச்சியிலும் ஒரு எண்ட் கிரிஸ்டல். டிராகன் அருகே பறக்கும்போது அந்தக் கிரிஸ்டலிலிருந்து ஒளிக்கதிர் பாய்ந்து அதன் காயத்தை ஆற்றும். டிராகனின் உயிர் 200 புள்ளி, ஆட்டக்காரரின் உயிரைப் போல பத்து மடங்கு. கிரிஸ்டல்கள் இருக்கும்வரை டிராகனை எய்வது அம்பை வீணாக்குவதுதான். முதலில் தூண்களை முடிக்க வேண்டும்.

எட்டுத் தூண்களின் கிரிஸ்டலைக் கீழே நின்றே அம்பால் அடிக்கலாம், பனிப்பந்துகூடப் போதும். குட்டையான தூண்களில் இரண்டு மட்டும் இரும்புக் கம்பிக் கூண்டு போட்டவை. அவற்றுக்கு ஏறியாக வேண்டும். காலடியில் கட்டையை வைத்துக் குதித்துக் குதித்து ஏறி, கம்பியில் ஒரு ஓட்டை உடைத்து, மீண்டும் சில கட்டைகள் கீழே இறங்கியோ தள்ளி நின்றோ அம்பை விட வேண்டும். வாளால் பக்கத்தில் நின்று அடிப்பவரைக் கிரிஸ்டல் தன்னோடு சேர்த்து வெடிக்கச் செய்யும். அந்த வெடி டிஎன்டியைவிடப் பெரியது. கிரிஸ்டல் டிராகனுக்குக் கதிர் பாய்ச்சிக்கொண்டிருக்கும் நேரத்தில் உடைந்தால் டிராகனுக்கு 10 புள்ளி அடி விழும் என்பது ஒரு சின்ன லாபம்.

இந்த வேலை நடக்கும்போது தொல்லை தருவது மூன்று. டிராகனின் சிறகு மோதினால் ஆள் உயரத் தூக்கி எறியப்படுவார். விளிம்பை விட்டு விலகியே நின்றால் அது வெறும் அடி, விளிம்பருகே நின்றால் வெற்றிடம். இரண்டாவது, டிராகன் உமிழும் தீப்பந்து. விழுந்த இடத்தில் ஊதா மூட்டம் பரவி நிற்கும், அதில் நின்றால் உயிர் கரையும். மூன்றாவது எண்டர்மேன். தூணை நோக்கிக் குறிபார்க்கும்போது பார்வை தவறி அதன் முகத்தில் பட்டால் போதும். அப்போது ஓடாமல் காலடியில் தண்ணீரை ஊற்றி நிற்க வேண்டும். அல்லது இரண்டு கட்டை உயரக் கூரைக்குள் ஒதுங்கலாம், மூன்று கட்டை உயரமுள்ள எண்டர்மேனால் அதற்குள் வர முடியாது. ஒதுங்கிடத்தைக் கோபிள்ஸ்டோனில் கட்டினால் டிராகன் அதைத் துளைத்துக்கொண்டு போய்விடும். எண்ட் ஸ்டோனையும் அப்சிடியனையும் அது உடைக்காது. ஆகவே தரையையே தோண்டிப் பதுங்குவது சரி.

கிரிஸ்டல்கள் தீர்ந்ததும் டிராகன் அடிக்கடி தீவின் நடுவில் உள்ள பாறைத் தொட்டியின் மீது வந்து இறங்கும். அது அமர்ந்திருக்கும்போது அம்பு பலிக்காது. தலையைக் குறிவைத்து வாளாலோ கோடரியாலோ வெட்ட வேண்டும். தலையில் பட்ட அடி முழுதாக இறங்கும், உடம்பில் பட்டது கால்வாசிக்குக் கொஞ்சம் கூட. பக்கவாட்டிலோ பின்புறத்திலோ வந்து நின்று கழுத்தை ஒட்டி அடிப்பவருக்கு மூச்சு மூட்டத்தின் தொல்லை குறைவு. மூட்டம் படர்ந்த கணத்தில் வெறும் குப்பியை அதன் மேல் பயன்படுத்தினால் டிராகன் மூச்சு குப்பிக்குள் வரும். எறிந்த இடத்திலேயே தங்கி வேலை செய்யும் லிங்கரிங் மருந்துகளுக்கு இதுதான் மூலப்பொருள்.

படுக்கையை வெடிகுண்டாகப் பயன்படுத்தும் தந்திரம் காணொளிகளில் பிரபலம். எண்டில் படுக்கையில் படுக்க முயன்றால் அது வெடிக்கும். டிராகன் இறங்கிய நேரத்தில் அதன் தலைக்கடியில் படுக்கையை வெடிக்கச் செய்தால் நாலைந்து படுக்கையிலேயே கதை முடியும். நேரத்தை எண்ணி ஓட்டப்பந்தயம் ஆடுகிறவர்களின் வித்தை அது. தனக்கும் வெடிக்கும் நடுவே ஒரு அப்சிடியனை நிறுத்தத் தெரியாதவர் டிராகனுக்கு முன்பே போய்ச் சேருவார். முதல் தடவைக்கு வில்லும் வாளுமே போதும்.

முதல் டிராகன் செத்ததும் 12,000 அனுபவப் புள்ளி உதிரும். ஒன்றுமில்லாமல் இருந்தவர் அதில் 68ஆம் நிலைக்குப் போய்விடலாம். அடுத்தடுத்த டிராகன்களுக்கு 500தான். நடுத் தொட்டியில் வீடு திரும்பும் வாசல் திறக்கும், அதன் உச்சியில் டிராகன் முட்டை உட்கார்ந்திருக்கும். உலகத்துக்கு முட்டை ஒன்றே ஒன்று. கையால் தொட்டால் அது வேறிடத்துக்குத் தாவிவிடும். அது நிற்கும் கட்டைக்கு அடியில் ஒரு டார்ச்சை நட்டு, இடையில் உள்ள கட்டையை உடைத்தால் முட்டை டார்ச் மீது விழுந்து கையில் எடுக்கும் பொருளாகிவிடும். பிஸ்டனால் தள்ளியும் எடுக்கலாம்.

வாசலில் முதல் தடவை நுழைபவருக்குத் திரையில் நீண்ட உரையாடல் ஒன்று ஓடும். அயர்லாந்து எழுத்தாளர் ஜூலியன் கோஃப் எழுதியது. 2022 இல் அதை அவர் பொதுவுடைமையாக்கினார். பலரும் பொத்தானை அழுத்தித் தாண்டிவிடுகிறார்கள். ஒரு தடவையாவது உட்கார்ந்து படிக்கலாம், விளையாட்டுக்குள் இப்படியொரு எழுத்து அபூர்வம்.

வெளித்தீவுகள்

டிராகன் செத்த உடனே தீவின் ஓரத்தில், வானத்தில், பாறை சூழ்ந்த ஒற்றைக் கட்டை அளவுள்ள கேட்வே ஒன்று முளைக்கும். பல ஆட்டக்காரர்கள் அதைக் கவனிக்காமலே வீடு திரும்பிவிடுகிறார்கள். திரும்புவது தவறல்ல. முட்டையைப் பெட்டியில் வைத்து, கவசத்தைச் சரிசெய்து, வேறொரு மூட்டையோடு மீண்டும் வருவதே புத்திசாலித்தனம். ஆனால் எண்டின் செல்வம் முழுவதும் அந்தச் சின்னக் கேட்வேக்கு அப்பால்தான் இருக்கிறது.

நடுத்தீவுக்கும் வெளித்தீவுகளுக்கும் இடையே ஏறத்தாழ ஆயிரம் கட்டை வெற்றிடம். ஒரு கட்டை ஒரு மீட்டர் என்ற கணக்கில் ஒரு கிலோமீட்டர். பாலம் கட்டியும் போகலாம். ஆனால் கேட்வேக்குள் ஒரு எண்டர் பேர்லை எறிந்தால் நொடியில் அக்கரை. கேட்வே உயரத்தில் இருப்பதால் ஒரு மேடை கட்டி ஏறி, குனிந்து நின்று, நிதானமாகக் குறிபார்த்து எறிய வேண்டும். திரும்பும் பேர்ல்களுக்குத் தனிக் கணக்கு வைத்துக்கொள்வது அவசியம். அக்கரையில் இறங்கும் இடத்தில் நிற்கும் கேட்வேக்குள் பேர்ல் எறிந்தால் நடுத்தீவுக்கே வந்துவிடலாம்.

இறங்கியதும் முதலில் அந்த இடத்தின் கோஆர்டினேட்டை ஒரு தாளில் எழுதிவைக்க வேண்டும். எண்டில் பகலில்லை, இரவில்லை, சூரியனில்லை, சாதாரணத் திசைகாட்டியும் கடிகாரமும் பைத்தியம் பிடித்ததுபோலச் சுழலும். எங்கு பார்த்தாலும் ஒரே வெளிர்மஞ்சள் கல், ஒரே கருவானம். சீமைக்கருவேலங்காட்டுக்குள் வழி தப்பியவர் கோபுரத்தையோ கண்மாய்க் கரையையோ தேடுவதுபோல இங்கே தேட எதுவும் கிடையாது. அடையாளத்தை ஆட்டக்காரரே நட வேண்டும். ஐம்பது கட்டைக்கு ஒருமுறை கோபிள்ஸ்டோனில் ஆறு கட்டை உயரத் தூண் எழுப்பி, வந்த திசையின் பக்கம் ஒரு டார்ச் வைத்துக்கொண்டு போனால் வழி தப்பாது.

தீவிலிருந்து தீவுக்குப் பாலம் போடும்போது பெட்ராக்கில் ஒரு வசதி உண்டு: நிற்கும் கட்டைக்கு முன்னால் நேராகவே அடுத்த கட்டையை வைக்கலாம். ஜாவாவில் விளிம்பில் குனிந்து, பின்பக்கமாக நகர்ந்து வைக்க வேண்டும். இரண்டிலும் ஸ்னீக் விடாமல் இருக்கட்டும். பேர்ல் எறிந்து தாண்டுவது வேகம், ஆனால் ஒவ்வொரு எறிதலுக்கும் இரண்டரை இதயம் போகும். தூரம் தப்பினால் பேர்லோடு சேர்த்து எல்லாமே போகும்.

பெரிய தீவுகளில் கோரஸ் செடிகள் ஊதாக் கிளைகளோடு நிற்கும். அடியில் வெட்டினால் செடி முழுவதும் உதிரும். பழத்தைத் தின்றால் பசியும் ஆறும், எட்டுக் கட்டை தூரத்துக்குள் ஏதோ ஒரு தரையில் கொண்டுபோயும் விடும். மாட்டிக்கொண்ட இடத்திலிருந்து தப்ப இது நல்ல கருவி. உச்சியில் உள்ள பூவைத் தனியே எடுத்து எண்ட் ஸ்டோன் மேல் நட்டால் ஓவர்வேர்ல்டிலும் வளரும்.

நகரமும் கப்பலும்

எண்ட் சிட்டி ஊதா பர்ப்பர் கல்லாலான கோபுரக் கூட்டம். தூரத்தில் வெள்ளை எண்ட் ராட் விளக்குகள் தெரிந்தால் நகரம் அருகில் என்று அறியலாம். காவலுக்கு இருப்பது ஷல்கர், பார்வைக்குப் பர்ப்பர் பெட்டிபோல ஒட்டிக்கொண்டிருக்கும் உயிரி. அது விடும் குண்டு வளைந்து துரத்தி வரும். பட்டால் பத்து விநாடி உடம்பு மேலே மிதக்கும். மிதப்பது ஆபத்தல்ல, மிதப்பு நின்றதும் விழுவதுதான் ஆபத்து. அதிலும் கோபுரத்தின் வெளிப்புறம் மிதந்தால் கீழே வெற்றிடம். கேடயம் குண்டைத் தடுக்கும், வாளால் வெட்டியும் குண்டை உடைக்கலாம். ஒரு வாளிப் பால் குடித்தால் மிதப்பு உடனே நீங்கும். கூரையுள்ள அறைக்குள்ளேயே சண்டையை வைத்துக்கொள்வது எல்லாவற்றிலும் எளிது, மிதந்தாலும் தலை கூரையில் முட்டி நிற்கும். ஷல்கர் மூடியிருக்கும்போது அடி அதிகம் ஏறாது. திறந்து எட்டிப்பார்க்கும் கணத்தில் வெட்ட வேண்டும்.

இதன் ஓடு, ஷல்கர் ஷெல், சுமார் பாதித் தடவைகளில் கிடைக்கும். வாளில் லூட்டிங் இருந்தால் வாய்ப்பு கூடும். ஒரு பெட்டிக்கு மேலும் கீழுமாக இரண்டு ஓடுகளை வைத்தால் ஷல்கர் பாக்ஸ். 2016 நவம்பரில் 1.11 பதிப்போடு வந்த இந்தப் பெட்டியில் 27 அறைகள். உடைத்து எடுத்தாலும் உள்ளே வைத்த பொருள் அப்படியே இருக்கும். எட்டு அப்சிடியனும் ஒரு எண்டர் ஐயும் சேர்ந்த எண்டர் செஸ்டை இதோடு இணைத்தால் கிடைப்பதுதான் எண்டின் உண்மையான பரிசு. ஒரு எண்டர் செஸ்டில் வைத்தது உலகில் எங்கே இன்னொரு எண்டர் செஸ்டைத் திறந்தாலும் அந்த ஆட்டக்காரருக்குத் தெரியும். அதன் 27 அறைகளிலும் 27 ஷல்கர் பாக்ஸ் நிரப்பினால் 729 அறைகள் நிரம்பிய களஞ்சியம் எப்போதும் கூடவே வரும். வெற்றிடத்தில் விழுந்தாலும் அது போகாது. ஆகவே நகரத்தில் கிடைத்த வைரக் கவசத்தையும் மரகதத்தையும் அவ்வப்போது எண்டர் செஸ்டுக்குள் போட்டுவிட்டு நடப்பது இந்த நூலின் பொறுப்பான யோசனை. செஸ்டைத் திரும்ப எடுக்க சில்க் டச் பிக்காக்ஸ் வேண்டும், இல்லாவிட்டால் எட்டு அப்சிடியன்தான் கிடைக்கும்.

எல்லா நகரத்துக்கும் கப்பல் கிடையாது. கப்பல் இருந்தால் கோபுரத்துக்குப் பக்கத்தில் வானத்தில் நங்கூரமிட்டதுபோல நிற்கும். முகப்பில் டிராகன் தலை, உள்ளே இரண்டு பெட்டி, ஹீலிங் மருந்துக் குப்பிகள், கடைசி அறையின் சுவரில் சட்டமிட்டு மாட்டிய எலிட்ரா. கப்பலில் ஏறப் பாலமோ பேர்லோ போதும். ஷல்கர் குண்டை வேண்டுமென்றே வாங்கி மிதந்து ஏறுகிறவர்களும் உண்டு. ஸ்லோ ஃபாலிங் குப்பி கையில் இல்லாதவர் அதைச் செய்ய வேண்டாம்.

பறத்தல்

எலிட்ராவை மார்புக் கவசத்துக்குப் பதிலாக அணிந்து, உயரத்திலிருந்து குதித்து, விழும்போது ஜம்ப் பொத்தானை இன்னொரு தடவை அழுத்தினால் சிறகு விரியும். இது மிதக்கும் கருவி, தானாக மேலே ஏறாது. ஏற ராக்கெட் வேண்டும். காகிதமும் துப்பாக்கி மருந்தும் மட்டும் சேர்த்த ராக்கெட்டே பறக்க ஏற்றது. வண்ண நட்சத்திரம் சேர்த்த ராக்கெட்டைப் பறக்கும்போது கொளுத்தினால் அது வெடித்துப் பறப்பவரையே காயப்படுத்தும்.

புதிய எலிட்ராவின் ஆயுள் 432 விநாடி, அதாவது ஏழு நிமிடம் பன்னிரண்டு விநாடி. அன்பிரேக்கிங் ஏற்றினால் பல மடங்கு நீளும். ஆயுள் தீரும் தறுவாயில் சிறகு உடையாது, ஆனால் பறக்காது. அது வெற்றிடத்தின் மேல் நடந்தால் உடைந்ததற்குச் சமம். எனவே பாதி ஆயுளில் இறங்கிச் சரிசெய்ய வேண்டும். ஃபான்டம் சவ்வு கொண்டு ஆன்வில்லில் ஒட்டலாம், அல்லது மென்டிங் ஏற்றி அனுபவப் புள்ளியால் தானே ஆற விடலாம். முதல் சில பயணங்களைப் பெரிய தீவின் மேலேயே வைத்துக்கொள்ள வேண்டும். செல்பேசியில் திசை திருப்புவதும் ராக்கெட் கொளுத்துவதும் ஒரே நேரத்தில் இரண்டு கட்டைவிரலுக்கும் வேலை கொடுப்பதால் கை பழக நேரம் பிடிக்கும். சுவரில் முட்டினால் அடி பலம்.

திரும்பத் திரும்ப வருதல்

எலிட்ரா வந்த பிறகு எண்ட் பயமுறுத்தும் இடமாக இருக்காது. நடுத்தீவிலிருந்து விலகி, வெற்றிடத்தின் மேல் ஒரு மேடை கட்டி, எண்டர்மேன் வெறுக்கும் எண்டர்மைட் பூச்சி ஒன்றை வண்டியில் அடைத்து வைத்தால் எண்டர்மேன்கள் அதை நோக்கி ஓடிவந்து பள்ளத்தில் விழும். அனுபவப் புள்ளிக்கும் பேர்லுக்கும் இதுபோல விளையும் பண்ணை வேறில்லை.

டிராகனை மீண்டும் எழுப்ப நாலு எண்ட் கிரிஸ்டல் வேண்டும். ஏழு கண்ணாடி, ஒரு எண்டர் ஐ, ஒரு காஸ்ட் கண்ணீர் சேர்ந்தது ஒரு கிரிஸ்டல். வாசல் தொட்டியின் நாலு பக்க நடுவிலும் ஒவ்வொன்றாக வைத்தால் தூண்களும் டிராகனும் திரும்ப வரும். ஒவ்வொரு டிராகன் சாவுக்கும் ஒரு புதுக் கேட்வே, மொத்தம் 20 வரை. ஒவ்வொன்றும் வேறு திசையில் வேறு தீவுகளுக்கு வழி திறப்பதால், பக்கத்து நகரங்களைத் துடைத்து எடுத்துவிட்டவருக்கு இது பயன்படும்.

கட்டடப் பிரியர்களுக்கு எண்ட் ஒரு கல் குவாரி. எந்தப் பிக்காக்ஸும் எண்ட் ஸ்டோனை வெட்டும். நாலு எண்ட் ஸ்டோனைச் சேர்த்தால் எண்ட் ஸ்டோன் பிரிக்ஸ். சுண்ணாம்பு பூசிப் பழுத்த மதில் சுவருக்கு இந்த வெளிர்மஞ்சள் நன்றாக ஒத்துப்போகும். திருச்சுழித் திருமேனிநாதர் கோயிலின் மதிலையோ ஊர்க் கண்மாயின் மடையையோ விளையாட்டில் எழுப்பிப் பார்க்க நினைப்பவர் இரண்டு ஷல்கர் பாக்ஸ் நிறைய எண்ட் ஸ்டோனை வெட்டி வந்தால் மதிலின் ஒரு பக்கத்துக்கு ஓரளவு தேறும். கரிசல் மண்ணின் நிறம் மட்டும் எண்டில் கிடைக்காது. அதற்கு ஓவர்வேர்ல்டின் கறுப்புக் கான்கிரீட் பொடியும் மட் கட்டையும் கலந்து தரை போட வேண்டும்.